காணியும் வேண்டும், கணக்கும் வேண்டும்

வலிகாமம் வடக்கை முன்வைத்து, நட்டஈடு பற்றிய எமது பேச்சு குறித்து ஒரு விமர்சனம்

நட்டஈடு என்ற சொல்லை எமது அரசியல் மேடைகளில் உச்சரிப்பதே வெட்கத்துக்குரிய காரியமாகக் கருதப்பட்டு வருகிறது. உச்சரிப்பவர் காணியை விற்கத் துணிந்தவர், அரசோடு சமரசத்துக்குத் தயாராகிவிட்டவர் என்ற சந்தேகத்துக்கு உடனே ஆளாகிறார். மறுபுறத்தில், காணிப் பிரச்சினை என்று பேச்செடுத்த மாத்திரத்தில் 'பதில் காணி தரலாம், இல்லையேல் நட்டஈடு தரலாம்' என்று கொழும்பிலிருந்து பதில் வருகிறது. தையிட்டியில் தனியார் காணிகளில் எழுப்பப்பட்ட திஸ்ஸ விகாரை விடயத்திலும் இதுவே நடந்தது. பதில் காணி, நட்டஈடு என்ற பேச்சு எழுந்தது; காணிக்காரர்கள் தங்கள் காணியே வேண்டும் என்று மறுத்தார்கள். அவர்கள் மறுத்தது சரி. அதில் எனக்கு எந்த முரண்பாடும் இல்லை.

எனது முரண்பாடு வேறிடத்தில் இருக்கிறது. 'பணம் தருகிறோம்' என்ற அரசும் 'ஒரு சதமும் வேண்டாம்' என்ற எமது அரசியலும் பரம எதிரிகளாகத் தோன்றினாலும் ஒரு விடயத்தில் ஒன்றுபட்டு நிற்கின்றன. நட்டஈடு என்றால் காணியின் விலை என்பதே அது. விலையை வாங்கினால் காணி போய்விடும், காணி வேண்டுமென்றால் பணத்தைப் பற்றிப் பேசக்கூடாது என்ற இந்தத் தர்க்கத்தை உருவாக்கியது அரசின் சட்டம். அதை ஏற்றுக்கொண்டு, அதற்குள் நின்று, எதிர்ப்பக்கத்தைத் தெரிவு செய்திருப்பவர்கள் நாங்கள். இக்கட்டுரை அந்தத் தர்க்கத்தையே கேள்விக்குள்ளாக்க முயல்கிறது. காணியைத் திருப்பித் தருவது ஒரு கடன். அதை அத்தனை வருடம் வைத்திருந்ததற்குக் கணக்குத் தீர்ப்பது இன்னொரு கடன். ஒன்றைத் தீர்த்ததால் மற்றது அழிந்துவிடாது.

சட்டமில்லாத வேலியும் வேலிக்குப் பின் வந்த சட்டமும்

1990 ஜூன் மாதத்தில் வலிகாமம் வடக்கு மக்கள் பலாலி, மயிலிட்டி, காங்கேசன்துறை, தையிட்டி, வறுத்தலைவிளான், கட்டுவன், வசாவிளான் எனக் கிராமம் கிராமமாக எழுந்து ஓடினார்கள். இரண்டாம் உலக யுத்த காலத்தில் பிரித்தானிய விமானப்படைக்கென அமைக்கப்பட்ட பலாலி விமானத்தளம், அதைச் சுற்றிய இராணுவ முகாம், அதைக் காக்க ஒரு வேலி, அந்த வேலியைக் காக்க இன்னொரு வேலி என்று அது விரிந்து 'உயர் பாதுகாப்பு வலயம்' என்ற பெயரைப் பெற்றது. இங்கே கவனிக்கவேண்டியது, அக்காலம் முழுவதும் இந்தக் காணிகள் சட்டப்படி சுவீகரிக்கப்பட்டிருக்கவில்லை என்பதுதான். அவசரகாலச் சட்டத்தின் நிழலில், துவக்கின் பலத்தில், அவை வைத்திருக்கப்பட்டன. 2011 ஓகஸ்ட் முடிவில் அவசரகாலச் சட்டமும் காலாவதியானது. அதன்பின் அந்த நிழலும் இல்லை.

2013 ஏப்ரலில்தான் அரசு சட்டத்தைக் கையில் எடுத்தது. இராணுவத் தலைமையகத் தேவைக்கென 6,381 ஏக்கர் காணியைச் சுவீகரிக்கப்போவதாக, 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி சுவீகரிப்புச் சட்டத்தின் இரண்டாம் பிரிவின் கீழ் அறிவித்தல்கள் ஒட்டப்பட்டன. எங்கள் கணக்கில் சொன்னால் ஓர் இலட்சத்துக்கும் மேற்பட்ட பரப்பு. உரிமையாளர்களை அடையாளம் காணமுடியவில்லை என்று அதற்குக் காரணம் சொல்லப்பட்டது. அந்த உரிமையாளர்களில் ஒரு பகுதியினர் சில மைல் தூரத்தில், கோணப்புலத்திலும் சபாபதிப்பிள்ளை முகாமிலும், அரசாங்கமே நிவாரண அட்டை எழுதி வைத்திருந்த முகாம்களில் இருந்தார்கள். நிவாரண அட்டையில் பெயர் இருந்தவர்களை காணி அறிவித்தலில் காணவில்லை.

இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட காணிக்காரர்கள் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போனார்கள். வழக்கும் எதிர்ப்பும் 2015ஆம் ஆண்டின் ஆட்சி மாற்றமும் சேர்ந்து அத்திட்டத்தை முழுமையாக நிறைவேறவிடாமல் செய்தன. 2015 முதல் காணிகள் துண்டு துண்டாக விடுவிக்கப்பட்டன. 2017 ஜூலையில் மயிலிட்டித் துறைமுகம் திறந்துவிடப்பட்டது. மீதிக்காக இன்றும் மக்கள் வீதியில் நிற்கிறார்கள்.

விடுவிப்பு ஒவ்வொன்றும் விழாவாக நடந்தது. அமைச்சர் வந்தார், தளபதி பத்திரம் கொடுத்தார், நன்றி தெரிவிக்கப்பட்டது. 'விடுவிப்பு' என்ற சொல்லையே பாருங்கள். சிறைக்குள் இருந்தது காணியா, காணிக்காரரா? பிறருடைய பொருளை இருபத்தைந்து வருடம் வைத்திருந்தவர் அதைத் திருப்பிக் கொடுக்கும்போது நன்றி சொல்லவேண்டியவர் யார்? இந்தக் கேள்வியை எமது பத்திரிகைகளும் பெரிதாகக் கேட்கவில்லை. 'விடுவிப்பு' என்ற தலைப்பையே அவையும் போட்டன.

சட்டத்தை ஒரு பிரதியாக வாசித்தல்

காணி சுவீகரிப்புச் சட்டம் பற்றி எம்மிடையே நிறையப் பேசப்பட்டிருக்கிறது. அதை எடுத்து வாசித்தவர்கள் குறைவு. 'சுவீகாரம்' என்ற சொல்லை நாங்கள் பிள்ளையைத் தத்தெடுப்பதற்கும் பயன்படுத்துகிறோம். தத்தெடுப்பதென்றால் பெற்றவரிடம் கேட்கவேண்டும். இந்தச் சட்டத்தில் கேட்பதற்கு ஒரு சடங்கு இருக்கிறது: நான்காம் பிரிவின் கீழ் ஆட்சேபனை எழுதலாம். ஆனால் ஐந்தாம் பிரிவின்படி, இக்காணி பொதுத் தேவைக்கு வேண்டும் என்று அமைச்சர் பிரகடனம் செய்துவிட்டால் அந்தப் பிரகடனமே அத்தேவைக்கு முடிவான சாட்சி. அவசரம் என்றால் முப்பத்தெட்டாம் பிரிவின் காப்புவாசகத்தின் கீழ், விசாரணைகள் முடியுமுன்னரே காணியைக் கைப்பற்றலாம். எடுத்த பின்னர் விலை பேசலாம்.

1978ஆம் ஆண்டு அரசியலமைப்பின் அடிப்படை உரிமைகள் அத்தியாயத்தில் சொத்துரிமை என்ற ஒன்று இல்லை. ஆகவே காணி பறிபோனவர் உயர் நீதிமன்றத்துக்குப் போனாலும் 'என் காணி' என்று போகமுடியாது. சமமாக நடத்தப்படவில்லை, விரும்பிய இடத்தில் வாழமுடியவில்லை, தொழில் செய்ய முடியவில்லை என்று பக்கவழியால்தான் போகவேண்டும்.

ஆயினும் இச்சட்டத்தின் உண்மையான முகம் தெரிவது 39ஏ என்ற பிரிவில். இது 1979ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்க்கப்பட்டது. அரசு கைப்பற்றிவிட்ட காணியைத் திரும்ப உரிமையாளரிடமே கொடுப்பதற்கு வழி சொல்லும் பிரிவு. கேட்க நன்றாக இருக்கிறது. அதற்கான நிபந்தனைகளைப் பாருங்கள். எவருக்கும் நட்டஈடு கொடுக்கப்பட்டிருக்கக்கூடாது. கைப்பற்றிய பின் காணி பொதுத் தேவைக்குப் பயன்படுத்தப்பட்டிருக்கக்கூடாது. அதில் அபிவிருத்தி எதுவும் செய்யப்பட்டிருக்கக்கூடாது. உரிமையாளர் உடனே பொறுப்பேற்க எழுத்தில் சம்மதிக்கவேண்டும்.

அதாவது நட்டஈட்டில் ஒரு பகுதியை, பிள்ளையின் படிப்புக்கோ வைத்தியத்துக்கோ, வாங்கிவிட்ட குடும்பத்துக்குத் திரும்பும் கதவு மூடப்பட்டுவிடுகிறது. கூட்டுக் காணியில் ஒரு பங்காளி வாங்கினாலே மற்றப் பங்காளிகளுக்கும் சிக்கல். காணியில் இராணுவம் ஒரு கட்டிடம் எழுப்பினால் அதுவும் கதவை மூடும். பட்டினி கிடந்து பணத்தை மறுத்தவருக்கு மட்டும் ஒரு சிறு வாசல் திறந்திருக்கிறது. காணியா, பணமா என்ற எதிர்மறை இங்கேதான் பிறக்கிறது. 'ஒரு சதமும் வேண்டாம்' என்ற எமது கோஷம் வீரத்தால் பிறந்ததாக நாங்கள் நினைக்கிறோம். சட்டம் எமக்கு ஒதுக்கித் தந்த இடத்தில்தான் அந்த வீரம் நிற்கிறது.

விரும்பி விற்பவர் எங்கே?

நியாயமான நட்டஈடு எது என்பதற்குச் சட்டத்திடம் ஒரு வரைவிலக்கணம் உண்டு. ஏழாம் பிரிவின் அறிவித்தல் வர்த்தமானியில் வரும் நாளில், விரும்பி விற்கும் ஒருவர் திறந்த சந்தையில் அக்காணியை விற்றால் என்ன கிடைக்குமோ அதுவே சந்தைப் பெறுமதி என்று நாற்பத்தைந்தாம் பிரிவு சொல்கிறது. அதன்மேல் இடையூறு, பிரிப்பு முதலியவற்றுக்காகச் சில சேர்க்கைகள்.

யாழ்ப்பாணத்துக் காணியை அறிந்தவர்களுக்கு இந்த வாசகத்தின் ஒவ்வொரு சொல்லும் உறுத்தும். எங்கள் காணியில் பெரும்பகுதி சந்தைக்கு வருவதே இல்லை. அது முதுசமாக இறங்குகிறது, சீதனமாகப் போகிறது, நன்கொடை உறுதியாக எழுதப்படுகிறது. விற்பதென்றாலும் தேசவழமையின் முற்கொள்ளல் உரிமைப்படி பங்காளிக்கும் உரித்தாளிக்கும் முதலில் அறிவிக்கவேண்டும். ஆக, 'திறந்த சந்தை' என்று ஒன்றை எடுத்துக்கொண்டு பெறுமதி சொல்பவர், கிடைக்கும் சில விற்பனை உறுதிகளை வைத்துத்தான் சொல்லவேண்டும். தீர்வையை மிச்சம்பிடிக்க அந்த உறுதிகளில் விலை குறைத்து எழுதப்பட்டிருப்பதும் எங்களுக்குத் தெரிந்த விடயமே.

இவை சாதாரண காலத்துச் சங்கடங்கள். வலிகாமம் வடக்கில் இருபது வருடத்துக்கு மேலாக எவரும் காணியைப் போய்ப் பார்க்கவே முடியாமல் இருந்தது. முள்ளுக்கம்பிக்கு உள்ளேயிருந்த காணியை எவர் வாங்குவார்? வாங்குபவர் இல்லாத இடத்தில் விலை வீழ்கிறது. விலையை வீழ்த்தியவரே வாங்குபவராகவும் வருகிறார். தான் வரவழைத்த வீழ்ச்சியால் ஒருவர் இலாபம் பெறக்கூடாது என்பது எந்த ஊரிலும் சாதாரண நியாயம். செம்மண் தரையில் வெங்காயமும் புகையிலையும் வாழையும் போட்ட தோட்டக்காணி, இறைக்க ஆளில்லாமல் பற்றைக்காடானதன் பின், 'பற்றைக்காடு' என்று மதிப்பிடப்படுமானால் அதை நட்டஈடு என்று எப்படி அழைப்பது?

பணமாகப் பெற்றாலும் அது எல்லோருக்கும் மீண்டும் காணியாகாது. 2014ஆம் ஆண்டின் 38ஆம் இலக்கச் சட்டம் வெளிநாட்டுப் பிரஜைகளுக்குக் காணி கைமாற்றுவதைத் தடை செய்திருக்கிறது. இரட்டைப் பிரஜாவுரிமை போன்ற சில விலக்குகள் உண்டு. அவ்விலக்குகளுக்குள் வராத ஒருவர், பாட்டன் காலத்துக் காணிக்கு நட்டஈடு பெற்று, அந்தப் பணத்தால் பக்கத்து ஊரில் ஒரு பரப்பும் வாங்கமுடியாது. புகலிடத்தில் பெற்ற பாஸ்போட்டின் விலையும் இந்தக் கணக்கில் வருகிறது.

இச்சட்டத்தின் கீழ் நசுங்கியவர்கள் தமிழர் மட்டுமல்ல என்பதையும் சொல்லவேண்டும். தெற்கு அதிவேக நெடுஞ்சாலைக்காகக் காணி இழந்த சிங்கள விவசாயிகள் நீண்டகாலம் போராடினார்கள். பாதை மாற்றப்பட்டபோது தங்களைக் கேட்கவில்லை என்று வழக்குப் போட்டவர்களுக்கு, காணிக்கான நட்டஈட்டுக்கு மேலாக, கேட்காமல் செய்த அநியாயத்துக்கென்று தனியாக உயர் நீதிமன்றம் 2004இல் ஒரு தொகை வழங்கியது. காணியின் விலை ஒன்று, அநியாயத்தின் கணக்கு வேறொன்று என்பதை இலங்கையின் நீதிமன்றமே ஏற்றிருக்கிறது. 2001இல் அமைச்சரவை அங்கீகரித்த மீள்குடியேற்றக் கொள்கை, உறுதி இல்லாதவர்களும் நியாயமாக நடத்தப்படவேண்டும் என்கிறது. ஆசிய அபிவிருத்தி வங்கியின் கடனோடு அத்தகைய நிபந்தனைகளும் வந்தன. வீதிக்கு எடுத்த காணிக்குக் கிடைத்த இந்தச் சிறு கவனம், முகாமுக்கு எடுத்த காணிக்குக் கிடைக்கவில்லை. எம்மில் எத்தனை பேர் அந்தத் தெற்கு விவசாயிகளின் வழக்கைத் தேடி வாசித்தோம்? அவர்களிடம் கற்க எதுவுமில்லை என்று நாங்களாகவே முடிவு செய்துவிட்டோம்.

சைப்பிரசிலிருந்து ஒரு பாடம்

ஐரோப்பாவில் வாழும் எமக்கு அருகிலேயே ஒரு முன்னுதாரணம் இருக்கிறது. வட சைப்பிரசில் கிரீனியாவைச் சேர்ந்த தித்தினா லொய்சிடு என்ற பெண், 1974ஆம் ஆண்டுத் துருக்கியப் படையெடுப்பின் பின் தனது காணிக்குப் போகமுடியாமல் தடுக்கப்பட்டார். ஸ்ட்ராஸ்பூர்க் மனித உரிமைகள் நீதிமன்றத்துக்குப் போனார். காணியின் சட்டபூர்வ உரிமையாளர் இன்றும் அவரே என்று 1996இல் தீர்ப்பு வந்தது. 1998இல், காணியைப் பயன்படுத்த முடியாமல் போன காலத்துக்காக 300,000 சைப்பிரஸ் பவுணும் மனவேதனைக்காக 20,000 பவுணும் கொடுக்குமாறு துருக்கிக்கு உத்தரவிடப்பட்டது. கணக்கு 1990 ஜனவரியிலிருந்து தொடங்கியது, துருக்கி அந்நீதிமன்றத்தின் அதிகாரத்தை ஏற்ற நாள் அதுவென்பதால். துருக்கி அத்தொகையை 2003இல்தான் கட்டியது.

இதில் நாங்கள் படிக்கவேண்டியது தொகையை அல்ல. அவர் பணம் கேட்டதால் காணியை இழக்கவில்லை. அவர் இன்னும் உரிமையாளர் என்பதாலேயே பணம் கொடுக்கவேண்டி வந்தது. உரிமை அவருடையது, பயன்பாடு மறுக்கப்பட்டது, மறுத்த காலத்துக்கு வாடகைபோலக் கணக்குப் பார்க்கப்பட்டது. எமது மேடைகளில் நட்டஈடு உரிமையின் மரணமாகப் பேசப்படுகிறது. அங்கே அது உரிமை உயிரோடிருப்பதற்கு அத்தாட்சியாக நின்றது.

அதே சைப்பிரசில் எச்சரிக்கையும் உண்டு. வழக்குகள் பெருகவே, துருக்கிய சைப்பிரஸ் தரப்பு ஓர் அசையாச் சொத்து ஆணைக்குழுவை அமைத்தது. 2010இல் ஸ்ட்ராஸ்பூர்க் நீதிமன்றம் அதை ஒரு பரிகாரவழியாக ஏற்றுக்கொண்டது. திருப்பிக் கொடுத்தல், மாற்றுதல், நட்டஈடு என மூன்று வழிகள் அங்கே இருந்தும் பெரும்பாலான விடயங்கள் பணத்தை வாங்கி உரிமையைக் கைவிடுவதிலேயே முடிந்தன. ஆகவே பணம் பற்றிய பயம் ஆதாரமற்ற பயமல்ல. ஆனால் அந்தப் பயத்துக்கு மருந்து பேசாமலிருப்பது அல்ல. எதற்கான பணம் என்பதைத் துலக்கமாகப் பிரித்துச் சொல்வதே மருந்து.

ஸ்ட்ராஸ்பூர்க்கின் கதவு இலங்கைக்குத் திறந்ததல்ல, உண்மை. என்றாலும் நியாயத்தின் தர்க்கத்துக்குக் கடவுச்சீட்டு வேண்டியதில்லை. ஐக்கிய நாடுகள் பொதுச்சபை 2005இல் ஏற்ற பரிகாரம் பற்றிய அடிப்படைக் கோட்பாடுகள், மீள ஒப்படைப்பையும் நட்டஈட்டையும் தனித்தனி உரித்துகளாக அடுக்குகின்றன. இலங்கை 2018இல் இழப்பீட்டு அலுவலகத்துக்கென ஒரு சட்டத்தையே இயற்றியிருக்கிறது.

இந்த வெளிச்சத்தில் வலிகாமம் வடக்குக் கணக்கைப் பாருங்கள். வலயத்துக்குள் இராணுவம் தோட்டம் செய்தது. காங்கேசன்துறைக் கடற்கரையில் உல்லாச விடுதி நடத்தியது. வீடுகளின் ஓடு, நிலை, கதவு, தீராந்தி எல்லாம் போயின. பனைகள் காவலரண்களுக்குத் தறிக்கப்பட்டன. திரும்பிப் போனவர்களில் பலர் தம் வீட்டின் அத்திவாரத்தைத் தேடிப் பிடிக்கவேண்டியிருந்தது. வீட்டுத்திட்டம், கொட்டில் போட உதவி என்று சிலருக்குச் சில கிடைத்தன. அவை உதவி என்ற பெயரில் வந்தன. உதவி கொடுப்பவரின் மனதைப் பொறுத்தது, கடன் அப்படியல்ல. ஏழையாகத் தெரிவு செய்யப்பட்டுப் புள்ளியிடப்பட்டு வீடு பெறுவதற்கும், உங்களுடைய வீட்டை இடித்தோம், இந்தாருங்கள் அதன் பெறுமதி என்று பெறுவதற்கும் உள்ள வேறுபாடு வெறும் சொல் வேறுபாடு அல்ல. முதலாவதில் அரசு தருமவான். இரண்டாவதில் அரசு கடனாளி.

உறுதி இல்லாதவர்கள்

இதுவரை அரசைப் பேசினோம். இனி எங்களையும் பேசவேண்டும்.

'எங்கள் நிலம்' என்று மேடையில் பன்மையில் பேசுகிறோம். உறுதிப்பத்திரத்தில் அது எப்போதும் ஒருமை. வலிகாமம் வடக்கிலிருந்து இடம்பெயர்ந்தவர்களில் காணிக்காரர் எல்லோருமல்ல. குத்தகைக்கும் வாரத்துக்கும் தோட்டம் செய்தவர்கள், பிறர் காணியில் பரம்பரையாகக் குடியிருந்த ஒடுக்கப்பட்ட சாதியினர், கூலிக்கு இறைத்தவர்கள், சீமெந்துத் தொழிற்சாலையை நம்பிப் பிழைத்தவர்கள், மயிலிட்டியிலும் ஊறணியிலும் கரைவலைப் பாடும் கடலும் மட்டுமே சொத்தாகக் கொண்டிருந்தவர்கள் என்று ஒரு பெரும் சனம். உறுதி உள்ளவர் கொழும்புக்கும் கனடாவுக்கும் போக வழியிருந்தது. முகாம்களில் கால் நூற்றாண்டு கிடந்தவர்களில் காணியற்றவர்கள் ஏராளம். காணி விடுவிக்கப்பட்டபோது இவர்களுக்கு 'உங்கள் ஊர் திறந்துவிட்டது, போகலாம்' என்று சொல்லப்பட்டது. எங்கே போவது? குடியிருந்த காணியின் சொந்தக்காரர் லண்டனில். அவருடைய சம்மதம் வேண்டும். இன்னொரு பக்கத்தில், முகாம் இருந்த காணியும் எவருடையதோ தனியார் காணி. அவரும் தன் காணியைத் திருப்பிக் கேட்டார்.

மீண்டும் ஸ்ட்ராஸ்பூர்க்கைக் காட்டுகிறேன். 1994இல் தமது மலைக்கிராமத்திலிருந்து வெளியேற்றப்பட்டுத் திரும்பவிடப்படாத குர்திய விவசாயிகளின் வழக்கில், அவர்களில் பலரிடம் பதிவு செய்த உறுதி இல்லை என்று துருக்கி வாதிட்டது. பொது மேய்ச்சல் நிலத்தையும் காட்டையும் குடும்பத்தின் தரையையும் பயன்படுத்தி அவர்கள் வாழ்ந்த வாழ்வே பாதுகாக்கப்படவேண்டிய உடைமைதான் என்று 2004இல் நீதிமன்றம் கூறியது. நட்டஈட்டை விலையாகப் பார்த்தால் உறுதி உள்ளவருக்கே அது போகும். இழப்பாகப் பார்த்தால் இழந்தவர் எல்லோரும் வரிசையில் வருவார்கள். நட்டஈட்டைப் பற்றி எமது மேல்தட்டு அரசியல் பேச விரும்பாததற்கு இதுவும் ஒரு காரணமோ என்று நான் சந்தேகிக்கிறேன். கணக்கைத் திறந்தால் குத்தகைக்காரருக்கும் குடியிருந்தவருக்கும் பங்கு கேட்கும் உரிமை வந்துவிடும். 'நிலம், நிலம்' என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தால் உறுதிக்காரரிடமே விடயம் முடிந்துவிடும்.

பெண்களின் நிலை இன்னும் சிக்கலானது. யாழ்ப்பாணத்துக் காணியில் கணிசமான பங்கு சீதனமாகப் பெண்களின் பெயரில் இருக்கிறது. ஆனால் 1911ஆம் ஆண்டின் யாழ்ப்பாணத் திருமண உரிமைகள், மரபுரிமைகள் கட்டளைச் சட்டப்படி, தேசவழமைக்குட்பட்ட மனைவி தன் அசையாச் சொத்தைக் கைமாற்றக் கணவனின் சம்மதம் தேவை. கணவன் காணாமல் ஆக்கப்பட்டிருந்தால்? நீதிமன்றம் ஏறி அந்தச் சம்மதத்துக்குப் பதில் உத்தரவு வாங்கவேண்டும். வாய்ச்சொல்லில் சீதனமாகக் கொடுத்து உறுதி முடிக்காமல் இடம்பெயர்ந்த குடும்பங்களில் பெண்ணுக்கு எழுத்தில் எதுவுமேயில்லை. காணியின் சொந்தக்காரி என்று ஊரே சொல்லும், கையெழுத்துப் போட வேறொருவர் வேண்டும்.

1990இன் மற்றப் பாதி

வலிகாமம் வடக்கு மக்கள் ஓடிய அதே ஆண்டின் ஒக்டோபரில் வடக்கின் முஸ்லிம்கள், ஏறத்தாழ 75,000 பேர், விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டார்கள். யாழ் நகரில் அவர்களுக்குக் கொடுக்கப்பட்டது இரண்டு மணித்தியாலம். அன்று அங்கே வரி வாங்கியதும் தீர்ப்புச் சொன்னதும் வீடுகளைப் பாரமெடுத்துப் பகிர்ந்ததும் புலிகள்தான். அரசாக நடந்துகொண்ட ஒரு அமைப்பு எடுத்த காணிக்கும் வீட்டுக்கும் நியாயமான நட்டஈடு என்ன என்ற கேள்வி, எமது காணிப் போராட்டங்களின் பதாகைகளில் இடம்பெறுவதில்லை. அந்த அமைப்பு இன்று இல்லை, யாரிடம் கேட்பது என்று சிலர் சொல்லலாம். அந்த வீடுகளில் இருந்தவர்கள், அந்தக் காணிகளைச் சொற்ப விலைக்கு வாங்கியவர்கள் இருக்கிறார்கள்.

2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், 1983 மே முதல் 2009 மே வரை தம் காணியைப் போய்ப் பார்க்கமுடியாமல் போனவர்களுக்கு எதிராகப் பத்து வருட ஆட்சியுரிமை வாதத்தை எழுப்பமுடியாது என்று விலக்களித்தது. நல்ல சட்டம். ஆனால் அதன் வாசகம், 'பயங்கரவாதக் குழுவின்' நடவடிக்கையால் போகமுடியாமல் போனவர் என்பதோடு நிற்கிறது. அதே காலத்தில் இராணுவ வேலியால் போகமுடியாமல் போனவர் அந்த வாசகத்தில் இல்லை. அரசு புலிகள் எடுத்ததை மட்டும் எழுதுகிறது. நாங்கள் அரசு எடுத்ததை மட்டும் எழுதுகிறோம். இரண்டுமே அரைக் கணக்கு. அரைக் கணக்கோடு நீதி கேட்டுப் போகிறவரின் குரல் கம்மித்தான் ஒலிக்கும்.

புகலிடத்தில் இருப்பவர்கள் செய்யக்கூடியது

2025 மார்ச் 28ஆம் திகதி வெளியான வர்த்தமானி அறிவித்தலை நினைவுபடுத்துகிறேன். வடமாகாணத்தின் நான்கு மாவட்டங்களில் கிட்டத்தட்ட 5,940 ஏக்கர் காணிக்கு மூன்று மாதத்துக்குள் உரிமை கோராவிட்டால் அது அரச காணியாகத் தீர்க்கப்படும் என்றது அது. எதிர்ப்பின் பின் திரும்பப் பெறப்பட்டது. அது காணி நிர்ணயக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வந்தது, சுவீகரிப்பின் கீழ் அல்ல. ஆகவே அங்கே நட்டஈடு என்ற பேச்சுக்கே இடமில்லை. உரிமை கோராத மௌனமே கைமாற்றமாகியிருக்கும். அந்த மௌனத்தில் பெரும்பங்கு பாரிஸிலும் ரொறன்ரோவிலும் ஒஸ்லோவிலும் இருக்கிறது, பெட்டிக்குள் மடித்து வைத்த உறுதிகளாக.

அந்த உறுதிகளைக் கணக்காக மாற்றுவதே எமது வேலை. எந்தக் காணி, எத்தனை பரப்பு, எந்த ஆண்டு எவரிடமிருந்து இறங்கியது, கிணறு எத்தனை, பனை எத்தனை, எந்தப் போகத்தில் என்ன பயிர், வீட்டின் அளவு என்ன, எப்போது இடிக்கப்பட்டது. இவற்றுக்கு மேலாக ஒரு நிரல் வேண்டும், அதுதான் முக்கியமானது: அக்காணியில் உறுதியில்லாமல் உழைத்தவர் யார், குடியிருந்தவர் யார். இதைச் சொல்லக்கூடிய தலைமுறை மறைந்துகொண்டிருக்கிறது. எண்பது வயது அம்மாவிடம் கேட்டால் வேலிக்கு அப்பால் குடியிருந்தவரின் பெயர் தெரியும். நொத்தாரிசின் புத்தகத்தில் அது இல்லை.

அடுத்தது, கோரிக்கையைப் பிரித்து வைப்பது. காணியைத் திருப்பிக் கேட்பது ஒன்று. வைத்திருந்த காலத்தின் பயனுக்கும் அழித்தவற்றுக்கும் கணக்குக் கேட்பது இன்னொன்று, திருப்பித் தரப்பட்ட காணிக்கும் இது பொருந்தும். விமான ஓடுபாதைபோல, திரும்பமுடியாதபடி ஆகிவிட்டது என்று அரசு சொல்லும் காணிக்கு விலை என்பது மூன்றாவது. இந்த மூன்றாவதுக்கு மட்டுமே 'பணமா, காணியா' என்ற கேள்வி பொருந்தும். அங்கும் தெரிவு காணிக்காரருடையதாக இருக்கவேண்டும், கணக்கு 1990இலிருந்து தொடங்கவேண்டும். காணிக்காரர் தன் கோரிக்கைக்குள் குத்தகைக்காரரின் இழப்பையும் சேர்த்துக்கொள்ளவேண்டும். அதற்கு அவர் மனம் வராவிட்டால், 'எங்கள் நிலம்' என்ற பன்மையை அவர் இனிப் பாவிக்காமலிருப்பது நல்லது.

இவ்வளவும் கேட்டால் கிடைத்துவிடுமா என்று கேட்கப்படலாம். உடனே கிடைக்காது. லொய்சிடுவுக்கும் தீர்ப்பின் பின் ஐந்து வருடம் கழித்துத்தான் பணம் வந்தது. ஆனால் எழுதப்படாத கடன் ஒருநாளும் திரும்பி வந்ததில்லை. பணத்தைப் பேசினால் போராட்டம் மலினப்பட்டுவிடும் என்று கருதும் நண்பர்கள் தமது வாதத்தை இப்பக்கங்களிலேயே எழுதவேண்டும். இருபத்தைந்து வருடம் பிறர் காணியில் வெங்காயம் நட்டவரிடம் கணக்குக் கேட்பது எந்த வகையில் மலினம் என்பதை அவர்கள் விளக்கட்டும்.